அப்பா போட்ட சீர்ப் பாட்டு

அப்பா எங்களை விட்டுப் போய் இன்றோடு ஓராண்டு. திதிக்கு வந்து இந்த நினைவு மலரைக் கையில் வாங்கும் சொந்தபந்தங்களுக்கும் நண்பர்களுக்கும் அவர் மகளின் வணக்கம். நாலு பேர் முன்னால் எனக்குப் பேச வராது. அதனால் என் கோபத்தை எழுதி வைக்கிறேன். பொறுத்துக்கொள்ள வேண்டாம், படித்தால் போதும்.

அப்பா ராசிபுரத்தில் பட்டு நெய்யும் குடும்பத்தில் பிறந்தார். நாடகக் குழு ஒன்றில் ஆர்மோனியம் கற்றுக்கொண்டு கோடம்பாக்கம் போனார். பல வருடங்கள் மற்றவர்களின் பாட்டுப் பதிவுகளில் வாசித்தார். தம் பெயரில் இசையமைத்தவை இரண்டே படங்கள். இரண்டுமே ஓடவில்லை. அடுத்த படம் பூஜையோடு நின்றது. ஊர் திரும்பி, செவ்வாய்ப்பேட்டை ஜவுளிக்கடையில் துணி கிழித்துக் கொடுத்து எங்களை வளர்த்தார். அதற்காக அவர் வெட்கப்பட்டதில்லை. நீங்கள்தான் வெட்கப்பட்டீர்கள்.

படங்கள் ஓடாவிட்டாலும் ஒரு பாட்டு ஓடியது. தாய்மாமன் சீர் கொண்டுவரும் பாட்டு. அதற்கு நாயனம் வாசிக்க ராசிபுரத்திலிருந்தே ஆளைக் கூட்டிப்போனார் அப்பா. நம் சொந்தத்தில் எந்தப் பெண்ணுக்குச் சீர் நடந்தாலும், மாமன்மார் தட்டைத் தூக்கியதும் மைக்செட்டில் அந்தப் பாட்டுத்தான். கேசட் விற்றவர்கள் அட்டையில் வேறொரு பெரிய இசையமைப்பாளரின் படத்தைப் போட்டார்கள். நீங்களும் அதையே நம்பினீர்கள்.

ஒரு சீர் விருந்தில், அது அப்பாவின் பாட்டு என்று என் தாய்மாமாவிடம் சொன்னேன். பந்தியே திரும்பிப் பார்க்கச் சிரித்தார்.

“உங்கப்பாரு போட்ட பாட்டா? அப்பறம் எதுக்குச் சாமி, பேட்டையில துணி கிழிக்கறாரு?”

அடுத்த இலையில் அப்பா இருந்தார். “பாட்டு நல்லாருக்குதுங்களா மாப்ள?” என்றார்.

“அதுக்கென்னங்க மச்சான், அருமையான பாட்டு.”

“ரெண்டாவது சரணத்துல நாயனத்துக்கு மூச்சு பத்தல. இன்னொருக்கா எடுக்கலாம்னேன், உடமாட்டேன்னுட்டாங்க.”

மாமா அதற்கும் சிரித்தார்.

போன வருடம் அப்பாவைக் கூடத்தில் கிடத்தியிருந்தபோது, என் பேச்சைக் கேட்டு மைக்செட்காரர் அந்தப் பாட்டைப் போட்டார். முதல் அடி முடிவதற்குள் மாமா ஓடிப்போய் ஒயரைப் பிடுங்கினார்.

“எழவு ஊட்டுல சீர்ப் பாட்டா? நாளைக்கு எம்பேத்திக்கு இதைப் போட வேண்டாமா? அச்சானியமாப் போயிருமல்ல!”

“அவரே போட்ட பாட்டுங்க” என்றார் மைக்செட்காரர்.

“யாரு போட்டா என்னய்யா? நிறுத்து!”

கூடியிருந்தவர்களில் ஒருவரும் வாய் திறக்கவில்லை. அப்பா பாட்டில்லாமல் போனார். அவருடைய பாட்டு உங்களுக்கு மங்கலம், அவர் மட்டும் ஆகாதவர். எத்தனையோ வீட்டுத் தட்டுகளுக்கு முன்னால் போன பாட்டு, போட்டவருக்கு முன்னால் போகக் கூடாதாம்.

அப்பா மூச்சுத் திணறிக் கிடந்த மாதங்களில் கஞ்சி காய்ச்சித் தந்த பக்கத்து வீட்டு அக்காவுக்கும், கூப்பிட்ட போதெல்லாம் ஆஸ்பத்திரிக்கு ஓடிவந்த ஆட்டோக்காரத் தம்பிக்கும், அப்பா வேலைக்குப் போக முடியாதபோதும் வீடு தேடி வந்து பார்த்த ஜவுளிக்கடை முதலாளிக்கும் என் நன்றி. அன்றைக்கு ஒரு வார்த்தையாவது பேசிய மைக்செட்காரருக்கு அதைவிடப் பெரிய நன்றி.

வரும் தை மாதம் மாமாவின் பேத்திக்குச் சீர். பாட்டைத் தாராளமாகப் போடுங்கள் மாமா. அப்பாவின் பெயரைச் சொல்லிவிட்டுப் போடுங்கள்.

இன்றைக்கும் அதே மைக்செட்காரர்தான் வந்திருக்கிறார். படையல் முடிந்ததும் அப்பாவின் பெயரைச் சொல்லி அந்தப் பாட்டைப் போடுவார். அது முடியும்வரை ஒயருக்குப் பக்கத்தில் நான் உட்கார்ந்திருப்பேன்.