டாங்கி மூடிக்குள் ஒரு பொட்டு அரக்கு

போன வாரம் புதன்கிழமை. சிறுமுகைக்குப் பக்கத்தில், பவானி ஆற்றின் நடுவில், நின்றுபோன மோட்டார் படகில் உட்கார்ந்து ஒரு பித்தளை மூடியைத் திருப்பிப் பார்த்தேன். உள்ளே சிவப்பாக ஒரு பொட்டு அரக்கு. அதன் மேல் ஒரு கட்டைவிரல் பதிந்திருந்தது.

என்னுடைய கட்டைவிரல்.

ஒன்றரை மாதத்துக்கு முன் இதே பக்கத்தில் நான் எழுதியது உங்களில் சிலருக்கு நினைவிருக்கலாம். ‘ஆற்றைக் கண்டால் நின்றுவிடும் மோட்டார்’ என்று தலைப்பு. படகு மோட்டாரைச் சரிசெய்யத் தெரியாத ஃபிட்டர் ஒருவரைப் பற்றி வேடிக்கையாக எழுதியிருந்தேன். பெயரையும் போட்டேன். போத்தனூர் அந்தோணி. படித்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்ததாகப் பலர் எனக்குக் கார்டு போட்டார்கள்.

சிரித்தவர்கள் தயவுசெய்து இதையும் கடைசிவரை படிக்க வேண்டும்.

முதலில் படகைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். மழைக்காலத்தில் பவானியில் வெள்ளம் வந்துவிட்டால் பரிசல் போகாது. அக்கரையில் காய்ச்சல்காரனோ பிள்ளைத்தாய்ச்சியோ இருந்தால் வெள்ளம் வடியும்வரை காத்திருக்க வேண்டியதுதான். அதற்காகச் சில பெரியவர்கள் சேர்ந்து ஒரு கமிட்டி அமைத்தார்கள். நீலகிரியில் தேயிலைத் தோட்டம் வைத்திருந்த துரை ஒருவர் ஊருக்குத் திரும்பும்போது விற்றுவிட்டுப் போன மோட்டாரை வாங்கினார்கள். படகின் பின்பலகையில் மாட்டி, கயிற்றைச் சுற்றி இழுத்தால் கிளம்பும் சின்ன மோட்டார். அதன் தலையிலேயே பெட்ரோல் டாங்கி. விளக்கப் புத்தகம் மட்டும் துரையோடு கப்பல் ஏறிவிட்டது.

கமிட்டியின் காரியதரிசி நான். ஏன் நான்? துடியலூரில் பென்ஷன் வாங்கிக்கொண்டு சும்மா இருக்கிறேன். இங்கிலீஷ் தெரியும். வேறு தகுதி எதுவும் கிடையாது.

மோட்டாரைப் பார்த்துக்கொள்ள அந்தோணியை வைத்தோம். தோட்டங்களில் ஆயில் எஞ்சின் பழுது பார்ப்பதில் கெட்டிக்காரர். முதல் நாளே அவர் சொன்னது: “எது வேணும்னாலும் ஆகட்டுமுங்க. பெட்ரோல்ல தண்ணி மட்டும் சேரக்கூடாதுங்க.”

அதை நான் மனசில் வைத்துக்கொண்டேன். அளவுக்கு மீறி வைத்துக்கொண்டேன்.

ஆனி மாதம் முதல் மழை. கரையில் கட்டியிருந்த படகைப் பார்க்கப் போனேன். டாங்கி மூடியின் நடுவில் குண்டூசி நுழையும் அளவுக்கு ஒரு துளை. அதைச் சுற்றி மழைத்தண்ணீர் குளம் கட்டி நின்றது. இது வழியாகத் தண்ணீர் உள்ளே போகாதா?

முப்பது வருஷம் போஸ்ட்மாஸ்டராக இருந்தவன் நான். தபால் பைகளுக்கு அரக்கு வைத்து வைத்தே தலை நரைத்தவன். திறந்த ஓட்டையைக் கண்டால் என் கை தானாக அரக்கைத் தேடும். வேறு யாராவது ஒரு துணியைப் போட்டு மூடியிருப்பார்கள். நான் வீட்டிலிருந்து அரக்குக் குச்சியைக் கொண்டுவந்து, மூடியைத் தனியாகக் கழற்றிக் கரைமேல் எடுத்துப்போய், அரக்கை உருக்கி உட்பக்கத்தில் வைத்துக் கட்டைவிரலால் அழுத்தினேன். வெளிப்பக்கம் வைத்தால் உரசிப் பெயர்ந்துவிடும் என்று முன்யோசனை வேறு!

அந்த வாரமே மோட்டார் மக்கர் செய்ய ஆரம்பித்தது.

விசித்திரமான மக்கர். கரையில், தண்ணீர் நிரப்பிய பீப்பாயில் மாட்டி ஓட்டினால் அரை மணி நேரம் அழகாக ஓடும். ஆற்றில் இறக்கினால் நடு ஆறு வரை போய், இரண்டு தரம் இருமி, நின்றுவிடும். துடுப்புப் போட்டுத் திரும்பி வந்து மறுபடி கரையில் ஓட்டினால்... ஓடும்.

படகோட்டி மாரப்பன் முன்பு பரிசல் போட்டவர். மோட்டார் வந்ததில் அவருக்கு அவ்வளவு சந்தோஷமில்லை. “தண்ணியக் கண்டா மோட்டாருக்குப் பயமுங்க. நீச்சல் தெரியாதாட்டம் இருக்குது” என்பார்.

அந்தோணி எல்லாவற்றையும் கழற்றிப் பார்த்தார். ஒருநாள் மூடியைக் கையில் எடுத்து, மேலே இருந்த துளையைக் குனிந்து பார்த்தார். பிறகு கமிட்டிக்காரர்கள் இருக்கும்போதே என்னிடம் கேட்டார்.

“ஏனுங்க, இந்த மூடியில யாராச்சும் கை வெச்சீங்களாங்க?”

“யாரும் தொடலையே” என்றேன்.

மறந்துபோய்ச் சொன்னேனா? இல்லை. அரக்கு எனக்கு நினைவு வந்தது. ஒரு கணம்தான். நாலு பேர் முன்னால் ஒரு ஃபிட்டர் என்னைக் கேள்வி கேட்கிறானே என்ற எரிச்சலும் கூடவே வந்தது. நாக்கு முந்திக்கொண்டது. சொன்ன பிறகு அந்த அரக்குக்கும் மோட்டாருக்கும் சம்பந்தம் இருக்க முடியாது என்று எனக்கு நானே தீர்ப்பும் எழுதிக்கொண்டேன்.

அடுத்த வாரம் அக்கரையிலிருந்து ஒரு காய்ச்சல்காரரை ஏற்றி வரும்போது மோட்டார் நின்று, படகு கால் மைல் இழுத்துக்கொண்டு போய்விட்டது. மாரப்பன் துடுப்பாலும் தெய்வாதீனத்தாலும் கரை சேர்ந்தது. அன்று மாலையே அந்தக் கேலிப் பத்தியை எழுதினேன். கமிட்டி அந்தோணியை நிறுத்தியது. அதற்கு என் எழுத்துதான் சாட்சி.

அந்தோணி போனார். மோட்டார் திருந்தவில்லை. வேறு ஃபிட்டரும் கிடைக்கவில்லை. கடைசியில் கமிட்டித் தலைவர் கவுண்டர், “வர்ற விலைக்குத் தள்ளிடலாமுங்க போஸ்ட்மாஸ்டரே” என்றார். எனக்கு ரோஷம் வந்துவிட்டது. ஒரு வாரம் தவணை கேட்டேன். கோளாறைக் கண்டுபிடிக்காமல் விடுவதில்லை என்று உறுதியாக உட்கார்ந்தேன்.

ஒரு காகிதத்தில் வரிசையாக எழுதினேன். பெட்ரோலில் தண்ணீரா? எல்லாவற்றையும் கண்ணாடிச் சீசாவில் வடித்து வைத்துப் பார்த்தேன். தண்ணீர் இருந்தால் அடியில் தனியாக நிற்கும். இல்லை. ஆயில் கலந்தது அதிகமா? அளந்து புதிதாகக் கலந்தேன். சல்லடையில் தூசியா? கழுவினேன். குழாயில் அடைப்பா? கழற்றி வாயால் ஊதினேன். இரண்டு நாள் சோறு பெட்ரோலாக மணத்தது. கார்புரேட்டரின் ஊசித்துளை? அதையும் சுத்தம் செய்தேன்.

மாரப்பன் பக்கத்தில் உட்கார்ந்து வெற்றிலை போட்டுக்கொண்டே பார்த்தார்.

“இதெல்லாம் அந்தோணியும் பண்ணுனானுங்க” என்றார்.

“அவன் பண்ணினது வேற. நான் பண்றது வேற.”

“அது சரிங்க. அவன் ஊதுனா வாயில பெட்ரோல் போகாதுங்க.”

புதன்கிழமை படகை இறக்கினோம். கிளம்பியது. நடு ஆற்றில் இருமியது. நின்றது. மாரப்பன் துடுப்பை எடுத்து, படகை ஒரு பாறையின் ஓரமாக ஒதுக்கினார்.

இந்தத் தடவை கரைக்குத் திரும்புவதில்லை என்று முடிவு செய்தேன். நின்ற இடத்தில்தானே கோளாறு இருக்கிறது? கரைக்குப் போய்த் தேடினால் எப்படிக் கிடைக்கும்? கார்புரேட்டரில் சேரும் இடத்தில் குழாயைக் கழற்றினேன். டாங்கியில் முக்கால்வாசி பெட்ரோல் இருக்கிறது. குழாயில் ஒரு சொட்டு வந்தது. இன்னொரு சொட்டு. அப்புறம் இல்லை.

மேலே பெட்ரோல் இருக்கிறது, கீழே வரவில்லை. நடுவில் அடைப்பும் இல்லை. பிறகு எது பிடித்து வைத்திருக்கிறது?

மூடியைத் திருகினேன். ‘புஸ்’ என்று காற்று உள்ளே போகும் சத்தம். அதே கணம் குழாயிலிருந்து பெட்ரோல் என் வேட்டியில் கொட்டியது.

எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது. பெட்ரோல் கீழே இறங்க வேண்டுமானால் அந்த இடத்தை நிரப்ப மேலே காற்று நுழைய வேண்டும். அதற்குத்தான் அந்தத் துளை. துளையை அடைத்தால் கொஞ்ச நேரம் ஓடும், பிறகு டாங்கி பெட்ரோலை விடாது. கரையில் ஏன் ஓடியது? அந்தோணி அங்கே பெட்ரோல் அளவு பார்ப்பதற்காக மூடியை அடிக்கடி திறந்தார். திறக்கும்போதெல்லாம் காற்று உள்ளே போயிற்று. ஆற்றில் யார் திறக்கிறார்கள்?

மூடியைத் திருப்பினேன். மாரப்பனும் எட்டிப் பார்த்தார்.

“ஏனுங்க, இது தபாலாபீசுல வெக்கற அரக்கல்லங்களா?”

மூடியை உள்ளங்கைக்குள் மறைத்தேன்.

“நெம்ப பத்திரமாத்தான் சீல் வெச்சிருக்கீங்க” என்றார் மாரப்பன். பிறகு குரலை இறக்கி, “சொரண்டி ஆத்துல போட்டுருங்க. நானென்ன, யாருகிட்டச் சொல்லப்போறேன்?”

சுரண்டினேன். ஆற்றில் போட்டேன். மோட்டார் ஒரே இழுப்பில் கிளம்பி அக்கரைக்குப் போய்த் திரும்பியது. கரையில் கவுண்டர் நின்றிருந்தார். “படிச்சவங்க படிச்சவங்கதானுங்க” என்று என் கையைப் பிடித்துக்கொண்டார். நான் வாயைத் திறக்கவில்லை. அதையும் இங்கே எழுதிவிட வேண்டும். அன்று முழுவதும் திறக்கவில்லை.

மறுநாள் காலை கவுண்டர் வீட்டுக்குப் போய் நடந்ததைச் சொன்னேன். அவர் நல்லவர். என்மேல் பிரியம் உள்ளவர்.

“செரி உடுங்க. அவன மறுபடி வேலைக்குக் கூப்புட்டுக்கலாம். நீங்க எழுதிகிழுதி உங்க பேரக் கெடுத்துக்காதீங்க.”

“அவன் பேரை எழுதித்தானே கெடுத்தேன்?”

“அவன் சின்ன மனுசனுங்க. மறந்துருவான்.”

மறந்திருந்தாரா? ஞாயிற்றுக்கிழமை போத்தனூருக்கு ரயிலேறினேன். அந்தோணியும் மனைவி ரோசம்மாவும் அப்போதுதான் கோயில் பூசை முடிந்து வந்திருந்தார்கள். நாற்காலி போட்டார்கள். தண்ணீர் கொடுத்தார்கள். “ஊட்டுல எல்லாரும் சௌக்கியமுங்களா?” என்று கேட்டார்கள். எங்கள் சீமையில் இது ஒரு கஷ்டம். கோபத்தைக்கூட மரியாதை குறையாமல்தான் காட்டுவார்கள். வந்தவனுக்குத்தான் தலை நிமிராது.

சொன்னேன். ஒன்று விடாமல் சொன்னேன்.

அந்தோணி தன் கையைப் பார்த்தார். “நான் கேட்டேனுங்களே” என்றார் மெதுவாக.

“கேட்டீங்க. நான் பொய் சொன்னேன்.”

“நானும் மூடியத் திருப்பிப் பாத்திருக்கோணுமுங்க. மேல ஓட்டை தெரிஞ்சுது. உட்டுப்போட்டேன்.”

தப்பித்துக்கொள்ள எனக்கு ஒரு கதவைத் திறந்து வைத்தார். அவர் கேட்டபோது நான் உண்மையைச் சொல்லியிருந்தால் திருப்பிப் பார்க்க வேண்டிய அவசியமே வந்திருக்காது. அப்படியே அவரிடம் சொன்னேன்.

ரோசம்மா உள்ளே போய் ஒரு காகிதத் துண்டைக் கொண்டுவந்தார். என் பத்திதான். யாரோ கத்தரித்தது. கிணத்துக்கடவில் அந்தோணி நாலு வருஷமாகப் பார்த்துவந்த தோட்டத்து எஞ்சினுக்கு, ‘இனிமேல் வரவேண்டாம்’ என்று ஆள் மூலம் சொல்லி, இதையும் கூடவே கொடுத்தனுப்பியிருக்கிறார்கள். அதற்கப்புறம் இன்னும் இரண்டு தோட்டங்கள்.

“படகு வேலையத் திருப்பிக் குடுத்துருவீங்க. இதை என்ன பண்ணுவீங்க?” என்றார்.

“எழுதறேன், அம்மணி.”

“எங்க எழுதுவீங்க?”

“எங்கே எழுதினேனோ அங்கேயே.”

“ஒரு ஓரத்துல, பொடி எழுத்துல போட்டுராதீங்க. பேரு போட்டு எழுதுங்க. அப்பப் பேரு போட்டுத்தானே எழுதுனீங்க?”

“போடறேன்.”

“அது அச்சுல வந்தப்புறம் இவரு படகு வேலைக்கு வருவாருங்க. அதுவரைக்கும் வரமாட்டாரு.”

அந்தோணி ஏதோ சொல்ல வாயெடுத்தார். ரோசம்மா பார்த்த பார்வையில் நிறுத்திக்கொண்டார்.

ஆசிரியர் நண்பர், “ஒரு சின்னத் திருத்தம் போட்டால் போதாதா சார்?” என்று கேட்டார். போதாது. சிரிப்புக்குக் கொடுத்த இடம் அவ்வளவும் வேண்டும் என்றேன். கொடுத்திருக்கிறார்.

ஆகவே, கிணத்துக்கடவு வாசகர்களுக்கும் மற்றவர்களுக்கும்: போத்தனூர் அந்தோணி தொழில் தெரிந்தவர். கேட்க வேண்டிய கேள்வியைச் சரியான இடத்தில் கேட்டவர். படகு மோட்டாரைக் கெடுத்தவன் நான். கெடுத்ததை மறைத்தவன் நான். மறைத்ததோடு நில்லாமல் அவரைக் கேலி செய்து எழுதியவனும் நான். உங்கள் எஞ்சினுக்கு அவரைத் திரும்பக் கூப்பிடுங்கள்.

ஐந்து பொருளை வரிசையாக எழுதிச் சோதித்தேன் என்று பெருமையாகச் சொன்னேன் அல்லவா? படித்தவர்கள் எழுதும் பட்டியல்களில் ஒன்று மட்டும் எப்போதும் விட்டுப்போகிறது — எழுதுகிறவனின் கை.

நேற்று மலையில் பலத்த மழை என்று செய்தி வந்தது. வெள்ளம் வருவதற்குள் மோட்டாரை யாராவது ஒருமுறை பார்த்துவிட்டால் தேவலையே என்று தவித்துக்கொண்டிருந்தேன். இன்று காலை ரயிலில் அந்தோணி வந்து இறங்கினார். “வேலைக்கு வரலீங்க. ரோசம்மா சொன்னது சொன்னதுதான். அக்கரைக்காரங்களுக்காகச் சித்த பாத்துப்போட்டுப் போறேனுங்க” என்றார்.

படகில் ஏறினார். டாங்கி மூடியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார்.

“இன்னைக்கு யாராச்சும் இதுல கை வெச்சீங்களாங்க?”

“இல்லை” என்றேன். சத்தியமாக, இல்லை.

“செரிங்க” என்றார். பிறகு மூடியைத் திருப்பி உள்ளே பார்த்துக்கொண்டார்.

பார்க்கட்டும்.