சிலேட்டுப் பை

மூன்று வருடங்களுக்கு முன், செகந்திராபாத்தில் இருக்கும் எங்கள் தமிழ் லுத்தரன் சபையின் ஆண்டுவிழாவுக்கு முந்தைய சனிக்கிழமை இது நடந்தது. விழா மலர் தயாரிக்கும் பொறுப்பை நானேதான் கேட்டு வாங்கிக்கொண்டேன். ஏ.எஸ்.ராவ் நகர் பக்கம் ஒரு மின்னணுத் தொழிற்சாலையில் முப்பது வருடம் தரப் பரிசோதனையில் இருந்துவிட்டு ஓய்வு பெற்றவள் நான். அடுத்தவர் செய்ததில் குற்றம் கண்டுபிடிப்பதற்குத்தான் எனக்குச் சம்பளமே. கமிட்டியில் யாரும் என்னோடு வாதாட வரமாட்டார்கள்.

மலரின் நடுப்பக்கத்தில் ஒரு பழைய புகைப்படம். வெள்ளைக்காரப் போதகர், அவர் மனைவி, சபையின் ஆண்கள் என்று எல்லோரும் நாற்காலிகளில் உட்கார்ந்திருப்பார்கள். அதில் ஒருவர் என் அப்பாவின் அப்பா. அந்தக் காலத்து உபதேசியார். வலது ஓரத்தில் மட்டும் ஒரு பெண் நிற்பார். வெறுங்கால், முரட்டுப் புடவை, தோளில் ஒரு துணிப்பை. படத்தின் பின்புறத்தில், உட்கார்ந்திருந்தவர்களின் பெயர்கள் மட்டும்தான் எழுதப்பட்டிருந்தன. நான் யோசிக்கவே இல்லை. எல்லாப் பெயரையும் வரிசையாகப் போட்டுவிட்டு, கடைசியில் "நிற்பவர்: வேலைக்காரி" என்று எழுதினேன். முந்நூறு பிரதிகளும் அச்சாகி வந்துவிட்டன.

சனிக்கிழமை மதியம் கோயிலைச் சுத்தம் செய்யச் சில பெண்கள் வந்திருந்தார்கள். அவர்களில் ஒருத்தி பட்டான்செருவில் மாத்திரை கம்பெனியில் பேக்கிங் வேலை பார்ப்பவள். நாற்பது வயதிருக்கும். ஷிப்ட் முறை மாறி மாறி வருவதால் மாதம் இரண்டு ஞாயிறு ஆராதனைக்கு வந்தாலே அதிகம். அவள் மகளுக்கு மறுநாள்தான் திடப்படுத்தல். முதன்முதலாக நற்கருணை வாங்கப்போகிற பிள்ளைகளுக்கு ஆளுக்கொரு மலர் கொடுப்பதாகத் திட்டம்.

அவள் பெஞ்சைத் துடைத்துக்கொண்டே வந்தவள், கட்டாக இருந்த மலர்களில் ஒன்றைப் பிரித்துப் பார்த்தாள். பிறகு வெகுநேரம் அதை மூடவே இல்லை. ஈரக் கையோடு புத்தகத்தைத் தொடுகிறாளே என்று எனக்கு உள்ளுக்குள் எரிச்சல். அவள் என்னிடம் வந்து மெதுவாகச் சொன்னாள்.

"அக்கா, தப்பா எடுத்துக்காதீங்க. இவங்க வேலைக்காரி இல்ல. எங்க அம்மாவோட பாட்டி. வேதாகம ஸ்திரீயா இருந்தாங்க."

வேதாகம ஸ்திரீ என்றால் என்னவென்று எனக்கு நன்றாகத் தெரியும். மலரில் அதைப் பற்றி ஒரு பத்தியே எழுதியிருந்தேன். ஒவ்வொருவரும் வேதத்தைத் தாய்மொழியில் தன் கண்ணாலேயே படிக்க வேண்டும் என்பது எங்கள் சபைகளின் ஆதிகாலத்துப் பிடிவாதம். வெளி ஆண்கள் நுழைய முடியாத அடுக்களைகளுக்கு வீடு வீடாக நடந்து போய், பெண்களுக்கு எழுத்துக் கற்றுக்கொடுத்தவர்கள் அவர்கள்தான். இத்தனையும் எழுதத் தெரிந்த எனக்கு, படத்தில் நின்ற ஆளைத் தெரியவில்லை.

ஆனாலும் சட்டென்று ஒத்துக்கொள்ள மனம் வரவில்லை. "எப்படிம்மா அவ்வளவு நிச்சயமாச் சொல்றே?" என்று கேட்டேன். அவள் கோபப்படவில்லை.

"பையப் பாருங்க அக்கா" என்றாள்.

என் கைப்பையில் இன்னும் அந்தப் பழைய லென்ஸ் இருக்கிறது. பற்றவைப்பில் தலைமுடி அளவு கீறல் இருந்தாலும் அதில் பிடித்துவிடுவேன். உள்ளறையிலிருந்து மூலப் படத்தை எடுத்துவந்து, ஜன்னல் வெளிச்சத்தில் வைத்துப் பார்த்தேன். காய்கறிப் பை என்று நான் நினைத்திருந்த அந்தப் பையின் வாயில், ஒரு மரச்சட்டத்தின் மூலை நீட்டிக்கொண்டிருந்தது. சிலேட்டு.

எனக்கு அப்போதுதான் வேறொன்று உறைத்தது. பீரோவிலிருந்து பழைய பதிவேடுகளை இறக்கினேன். என் அப்பாவின் அம்மா நான் பிறப்பதற்கு முன்பே இறந்துவிட்டார். திருமணப் பதிவில் அவர் வைத்திருந்தது கைநாட்டு. ஏழு வருடம் கழித்து, என் அப்பாவின் ஞானஸ்நானப் பதிவில், கோணல்மாணலாகத் தன் முழுப் பெயரையும் கையெழுத்துப் போட்டிருந்தார். அந்தக் கையெழுத்தைக் காட்டித்தான் "எங்கள் வீட்டுப் பெண்கள் அந்தக் காலத்திலேயே படித்தவர்கள்" என்று மலரில் பெருமை அடித்திருந்தேன். நடுவில் கற்றுக்கொடுத்தது யார் என்று ஒருநாளும் கேட்டதில்லை. கையெழுத்துக்குப் பக்கத்திலேயே சாட்சியாக இன்னொரு பெண்ணின் பெயர், அச்சடித்த மாதிரி எழுத்தில். கீழே "வேதாகம ஸ்திரீ" என்றிருந்தது. அந்தப் பெயரை நான் வாசித்ததும் அவள் ஆமென்று தலையசைத்தாள். அவள் பாட்டியின் அம்மா பெயர்தான்.

எனக்குக் கண் கலங்கிவிட்டது. அவள் கையைப் பிடித்துக்கொண்டு மன்னிப்புக் கேட்டேன்.

"நக்கோ அக்கா, வேண்டாம், என்கிட்ட எதுக்கு?" என்று கையை விடுவித்துக்கொண்டாள். "நம்ம கோயில் படத்துல இருக்கிறது உன் கொள்ளுப்பாட்டியோட அம்மான்னு பாப்பாகிட்ட எப்பவோ சொல்லி வச்சிருக்கேன். நாளைக்கு அது படிக்கிறதுக்குள்ள மாத்திட்டாப் போதும்."

எங்கள் சபைப் போதகர் ஐயரிடம் போய் நடந்ததை மறைக்காமல் சொன்னேன். "ஒட்டிடலாம்மா" என்றார், அவ்வளவுதான். தெருமுனை ஜெராக்ஸ் கடையில் சரியான பெயரோடு சீட்டுகள் எடுத்துவந்தோம். மைதாவில் பசை காய்ச்சினோம். சுத்தம் செய்ய வந்த பெண்கள் எல்லோரும் துடைத்த தரையிலேயே வட்டமாக உட்கார்ந்து ஒட்டினார்கள். என் சீட்டுகள் கோணலாகப் போகப்போக, தரப் பரிசோதனை அக்காவுக்கு இன்றைக்கு மார்க் கிடையாது என்று அவள்தான் கேலி செய்தாள். பொழுது சாய்வதற்குள் முடித்துவிட்டோம்.

மறுநாள் ஆராதனை முடிந்ததும், வெள்ளைக் கவுனில் அவள் பெண் மலரைப் பிரித்துக்கொண்டு அம்மா பக்கத்தில் நின்றது. வீட்டில் தமிழில் கேட்டால் தெலுங்கில் பதில் சொல்லும் பிள்ளை. திடப்படுத்தலுக்காகத்தான் தமிழ் எழுத்தே படித்திருந்தது. பசை வாசம் போகாத சீட்டின் மேல் விரலை வைத்து, ஒவ்வொரு எழுத்தாகக் கூட்டி, தன் முன்னோரின் பெயரைச் சத்தமாகப் படித்து முடித்தது. பிறகு அம்மாவை நிமிர்ந்து பார்த்து, "மன பேரே கதா!" என்றது. நம்ம பேருதானே என்று அர்த்தம். நான் தூணுக்குப் பின்னால் போய் முகத்தைத் துடைத்துக்கொண்டேன்.

சீட்டு ஒட்டாத பிரதி ஒன்று என் அலமாரியில், லென்ஸுக்குப் பக்கத்தில் இருக்கிறது. என் அப்பாவின் அம்மாவுக்கு எழுத்தைக் கொடுத்தவரை நான் வேலைக்காரி என்று எழுதினேன் என்பதை அதைத் தொடும்போதெல்லாம் நினைத்துக்கொள்கிறேன். ஓரமாக நிற்கிற யாரைப் பார்த்தாலும் இப்போதெல்லாம் முதலில் பெயரைத்தான் கேட்கிறேன்.