ஜொவிட்டா ஜெயிச்ச பட்டா கேஸ்

எங்க பக்கத்து வீட்டு வக்கீல் ஜொவிட்டா சத்தமா பேசலன்னா, உடம்பு சரியில்லன்னு அர்த்தம். நேத்து மத்தியானம் அவங்க போட்ட சத்தத்துல மயிலாப்பூர் கால்வாய்க்கரையே கிடுகிடுத்துப் போச்சு.

"ஃபிர்தௌஸ்! ஜெயிச்சிட்டோம்டி!"ன்னு என்னைத்தான் கூப்பிட்டாங்க.

மலையில, காட்டு நிலத்துல மூணு தலைமுறையா குடியிருக்கிற ஜனங்களுக்கு அரசாங்கம் பட்டா குடுத்திருந்துச்சு. காட்டை அள்ளிக் குடுக்க நீ யாருன்னு, காட்டைக் காப்பாத்துற சங்கம் ஒண்ணு அரசாங்கத்து மேல கேஸ் போட்டுது. வருஷக்கணக்கா இழுத்த அந்தக் கேஸ்ல மலை ஜனங்க பக்கம் நின்னு ஜொவிட்டா இன்னா கத்து கத்தியிருப்பாங்க! "இத்தினி காலம் இருந்தவங்க இனிமே எங்க போவாங்க, மரத்து மேலயா?"ன்னு கோர்ட்லயே கேட்ட ஆளு. நேத்துதான் பட்டா செல்லும்னு தீர்ப்பு.

தீர்ப்பு கேக்க வந்த மலைக்காரங்க, பலாப்பழத்தோட நேரா இங்கயே வந்துட்டாங்க. சந்தெல்லாம் பலா வாசனை. நான் டீ போட்டுப் போட்டு ஊத்தினேன். ஒரே கும்மாளம்!

அதுல மாதேவின்னு ஒரு அம்மா வாசல்ல நின்னு, கால்வாயை ஒட்டி நிக்கிற எங்க வீடுங்களைப் பாத்தாங்க.

"இங்க எவ்ளோ காலமா இருக்கீங்கம்மா?"

"எங்க தாத்தா காலத்துலேர்ந்து"ன்னாங்க ஜொவிட்டா, வாய் நிறைய சுளையோட.

"பட்டா?"

ஜொவிட்டா மெல்றதை நிறுத்திட்டாங்க.

"இது புறம்போக்கும்மா, எங்க யாருக்கும் பட்டா கிடையாது." நான்தான் சொன்னேன்.

மாதேவியம்மா முந்தானையை இழுத்துச் சொருகினாங்க.

"அப்ப கேஸைப் போடுங்க. சாட்சிக்கு நாங்க வர்றோம்!"