உப்பளத்தில் அழித்த வீடியோ

இன்னைக்குக் காலையில மரக்காணத்துல ஹெரிடேஜ் வாக் போனேன். பத்துப் பேர், ஒரு கைடு.

கோயில் கல்வெட்டெல்லாம் பார்த்துட்டு உப்பளத்துக்கு வந்தோம். வரப்பு மேல நின்னு, உப்பு வாரிட்டிருந்த பெண்களை வீடியோ எடுத்தேன். யாரையும் கேட்கல.

ஒரு அக்கா வேலையை விட்டுட்டு நேரா என் முன்னாடி வந்து நின்னாங்க.

"போன வாரமும் ஒருத்தர் என்னை இப்படித்தான் எடுத்தாரு. 'பாவப்பட்ட ஏழைத்தாய்'னு நெட்ல போட்டுட்டாரு. காலேஜ்ல எல்லாரும் அதைக் காட்டிக் காட்டி 'உங்கம்மாவா'ன்னு கேக்குறாங்கன்னு எம்பொண்ணு ரெண்டு நாளா வீட்டுலயே கெடக்குறா. இப்ப நீங்களா?"

கைடு, "ஏம்மா, ஹிஸ்டரிக்காகத்தான் எடுக்குறாங்க"ன்னாரு.

"எம்பொண்ணு கிட்ட வந்து சொல்றீங்களா?"

மத்த பெண்களும் வேலையை நிறுத்திட்டு எங்களையே பார்த்தாங்க. மன்னிப்பு கேட்டு, அவங்க கண்ணெதிர்லயே வீடியோவை அழிச்சேன்.

"ட்ராஷ்லருந்தும் எடுத்துடுங்க."

எடுத்தேன்.

"ஒரு வார்த்தை கேட்டிருந்தா நானே நின்னிருப்பேன்"னு சொல்லிட்டு வேலைக்குத் திரும்பிட்டாங்க.

அதனால இந்தப் போஸ்ட்டுக்குப் போட்டோ கிடையாது. உங்க போன்ல கேட்காம எடுத்தது எத்தனை இருக்கு? உண்மையைச் சொல்லுங்க.