ஏழு தரம் கழுவிய துணி

மக்காவுக்கு உம்ரா போனபோது நான் உடுத்திய இஹ்ராம் துணியை ஜம்ஜம் நீரில் நனைத்து உலர்த்தி, அடையாளத்துக்கு ஓரத்தில் பச்சை நூலில் ஒரு தையல் போட்டு, என் கபனுக்கென்று அலமாரியில் வைத்திருந்தேன். நான் மௌத்தானால் இதில்தான் பொதிய வேண்டும் என்பது என் ஆசை.

போன டிசம்பரில் மட்டாஞ்சேரியில் ஓவியக் கண்காட்சி நடந்தபோது, எங்கள் மாடி அறைக்கு ஜப்பானிலிருந்து ஒரு சினிமாக்காரர் குடிவந்தார். எண்பதை நெருங்கியவர். சாயா கொடுத்தால்கூட எழுந்து நின்று, குனிந்துதான் வாங்குவார்.

ஒரு நாள் அஸர் தொழுது வந்தபோது மாடியில் மெஷின் கடகடத்தது. ஜன்னலை அடைத்துவிட்டு ஏழெட்டுப் பேர் படம் பார்த்தார்கள். திரையில், உடுதுணி இல்லாத ஒருவன் அறுத்த பன்றியின் இரத்தத்தைத் தலையில் கவிழ்த்துக்கொண்டான். திரையின் ஓரத்தில் பச்சை நூல் தையல். நான் போட்ட தையல்.

கீழே ஓடினேன்.

"திரைக்கு வெள்ளைத்துணி கேட்டாங்க. விரிப்புன்னு நெனச்சு எடுத்துக் குடுத்துட்டேன்" என்றாள் மனைவி. பிறகு, "வெளிச்சந்தானேங்க விழுந்துச்சு?"

"பன்னி ரத்தம்டீ!"

"ஆமா, படத்துலேருந்து சொட்டுச்சாக்கும்!"

மார்க்கப்படி அவள் சொன்னதே சரி. ஆனாலும் அந்தத் துணியோடு படைத்த ரப்பிடம் போக எனக்கு மனம் ஒப்பவில்லை.

மொழிபெயர்க்க வந்திருந்த எர்ணாகுளத்துப் பெண்ணிடம் சொன்னேன். அவள் ஜப்பான்காரரிடம் சொன்னதும் மனிதர் படியிலேயே உட்கார்ந்துவிட்டார். வெகுநேரம் பேசினார். அதை அவள் மலையாளம் கலந்த தமிழில் எனக்குச் சொன்னாள்.

"இக்கா, இவரோட படத்தை அவங்க ஊர் போலீசு பலவட்டம் பிடிச்சுட்டுப் போயிருக்கு. ஒரு தியேட்டரும் கேற விடல. ஹோட்டல்ல பாத்திரம் கழுவித்தான் படம் எடுத்திருக்காரு. அம்பது வருஷமா குடோன்லயும் நிலவறையிலயும் கிழிஞ்ச போர்வையில காட்டினவராக்கும். இத்தன நல்ல துணி இதுவரைக்கும் கிட்டியதில்லன்னு சொல்றாரு. எப்படிக் கழுவணும்னு கேக்கறாரு."

பன்றி பட்டால் ஏழு தரம், அதில் ஒரு தரம் மண் கலந்த நீரில் கழுவ வேண்டும் என்பது எங்கள் ஷாஃபி முறை. சொன்னேன். அந்தப் படத்தை எடுத்ததற்கு அவர் வருத்தம் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. கிணற்றடியில் குந்தி, முதலில் மண் நீரிலும் பிறகு நல்ல நீரிலும், அவர் பாஷையில் வாய்விட்டு எண்ணியபடி ஏழு தரமும் அவரே கழுவினார். பிழிய ஆளுக்கொரு முனை பிடித்தோம்.

காய்ந்த பிறகு பார்த்தால், பச்சைத் தையலருகே மண் கறை லேசாக நின்றிருந்தது.

"வேற துணி வாங்கிக்கிறீங்களா?" என்று கேட்டாள் மனைவி.

"வேணாம். நான் மௌத்தானா எனக்கு இதையே போடுங்க" என்று மடித்து, பழைய இடத்திலேயே வைத்தேன்.