நிழற்பாத்தியில் நான் பறித்த பூக்கள்

ஊதா நிறத்தில், மணிபோலத் தலையைக் குனிந்துகொண்டு, முதுகில் ஐந்து சின்னக் கொக்கிகளோடு பூக்கிற ஒரு பூ. நோர்வேக்காரர் அதை அக்கலையா என்பார்கள். இரண்டாயிரத்துகளின் தொடக்கத்தில், ஒஸ்லோவில் எங்கள் மாடிக்கட்டடத்தின் வடக்குப் பக்கம், வெயில் எட்டிப் பார்க்காத ஒரு துண்டு நிலத்தில் பக்கத்து வீட்டு அக்கா அதை வைத்திருந்தா. விதைத்தது அவவின் கணவர். முன்பு வடக்கே பாட்ஸ்பியோர்ட் ஊர் மீன் தொழிற்சாலையில் அவரோடு வேலை செய்த ஒருவர் கொடுத்த விதையாம். இரண்டாம் வருஷம் பூத்ததைப் பார்த்துவிட்டுத்தான் மனுசன் மாரடைப்பில் போனார்.

அதற்கு மூன்று வருஷம் கழித்து, ஒரு மே மாதம் அக்காவை ஆஸ்பத்திரியில் படுக்க வைத்தார்கள். வயிற்றில் கட்டி. போகும்போது, "தண்ணி மட்டும் ஊத்தும் பிள்ளை, வேறை ஒண்டும் செய்ய வேண்டாம்" என்று சொல்லிவிட்டுத்தான் போனா. எனக்குத் தெரிந்த உதவி செபம் ஒன்றுதான். மே, மாதாவின் மாதம். மன்னாரில் அந்த மாதம் முழுக்க மாதா சுரூபத்துக்குப் பூ வைத்து வளர்ந்தவள் நான். இங்கே மே கடைசியில்தான் பூக்கத் தொடங்கியது. அதனால் யூன் மாதத்திலும் விடாமல், தினமும் காலையில் விரிந்ததெல்லாம் பறித்துவந்து, வீட்டிலிருந்த மாதாவின் காலடியில் அக்காவின் பெயரைச் சொல்லி வைத்தேன். ஒன்றும் விடவில்லை. மாதாவுக்குக் கொடுப்பதில் மிச்சம் பிடிக்கலாமா? கீழே முளைத்திருந்த சின்னஞ்சிறுசுகளையும் களை என்று பிடுங்கி, முற்றம் கூட்டுகிற மாதிரிச் சுத்தமாக வைத்தேன்.

அக்கா சுகமாகி வந்தா. நேரே பாத்திக்குத்தான் போனா. "காயெல்லாம் எங்கை?" என்றா. நடந்ததைச் சொன்னேன். அக்கா குனிந்து வெறும் தண்டுகளைத் தடவிக்கொண்டே சொன்னா. பழைய செடி நாலைந்து வருஷத்துக்கு மேல் நிற்காதாம், கொட்டுகிற விதையில்தான் அடுத்தது வருமாம். அன்றைக்குத்தான் நான் கேள்விப்பட்டேன். "உம்மடை மாதா கெட்டிக்காரி. என்னைத் திருப்பி விட்டுட்டு அவரின்ரை பூவை எடுத்திட்டா" என்று சிரித்தா. நானும் சிரித்தேன்.

அடுத்த வருஷம் பனி கரைந்ததும் ஒவ்வொரு நாளும் போய்ப் பார்த்தேன். ஒன்றும் வரவில்லை. கடையில் கன்று வாங்கி நட்டேன். ஊதாதான், நன்றாகத்தான் பூத்தது. அக்கா தொட்டுப் பார்த்து, "வடிவாத்தான் கிடக்கு. ஆனா இது அவர் விதைச்சது இல்லையே" என்றா. கோபமாகச் சொல்லவில்லை. கோபப்பட்டிருந்தால் தாங்கியிருப்பேன்.

பாவத்தைச் சொல்லி மன்னிப்புக் கேட்கிற பாவசங்கீர்த்தனத்தில், கோயில் குருவானவரிடம் சொன்னேன். சுவாமி, "அன்பாலை செய்தது, அது பாவமே இல்லை, போயிட்டு வாங்கோ" என்றார். இப்போது ஒரு காயையும் தொடாமல் விட்டதில், கடையில் வாங்கின பூ பாத்தி நிறையப் பெருகிவிட்டது. அக்கா அதன் பக்கத்தில் நின்று கோப்பி குடிக்கிறா, நானும் நிற்கிறேன். பாவம் இல்லையென்றால் மன்னிப்பை எங்கே போய்க் கேட்கிறது? மாதாவிடம் கேட்கலாமென்றால், அவவிடம்தானே எல்லாவற்றையும் கொண்டுபோய்க் கொடுத்தேன்.