ஆமி வந்த படம்

பலெர்மோவில் எங்கள் கோயிலைப் பார்த்துக்கொண்ட இத்தாலியப் பாதருக்குத் தமிழ் தெரியாது. எங்களில் பாதிப்பேருக்கு அப்போது இத்தாலியன் வராது. பேச்சில்லாத பழைய படமென்றால் எல்லாருக்கும் விளங்கும் என்று நினைத்தாரோ என்னவோ, ஒரு ஞாயிறு பூசைக்குப் பிறகு மண்டபத்தில் திரை கட்டினார்.

நானும் அக்காவும் அவளின் மகளும் ஒரேத்தோ தெருவில் ஒரே அறையில் இருந்தோம். அக்காவுக்கு மொண்டெல்லோவில் ஒரு பணக்கார சிஞ்ஞோராவின் வீட்டில் தங்கி வீட்டுவேலை. ஞாயிறு மட்டும்தான் பிள்ளையோடு இருப்பாள். பிள்ளைக்கு ஆறு வயது, கைக்குழந்தையாகக் கொண்டுவந்தது. தகப்பன் ஊரில் வேலையாக நிற்கிறார் என்றுதான் அவளுக்குச் சொல்லி வைத்திருந்தோம்.

படம், அமெரிக்காவில் வெள்ளையர் குடியேறிய காலத்துக் கதை. செவ்விந்தியர் ஒரு வீட்டை வளைத்துவிட்டார்கள். உள்ளே தாய், தகப்பன், பிள்ளைகள். அந்த நேரம் தூசியைக் கிளப்பிக்கொண்டு ராணுவத்தின் குதிரைப்படை வந்தது. முன்வரிசைப் பிள்ளைகள் எழும்பிக் கைதட்டினார்கள். எங்கள் பிள்ளை கதிரையில் ஏறி நின்று தட்டினாள்.

படம் அதோடு முடிந்திருக்கலாம். குதிரைகள் செவ்விந்தியரின் கூடாரங்களுக்குள் புகுந்தன. கூடாரங்கள் எரிந்தன. ஒரு பெண் குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு ஆற்றுக்குள் இறங்கினாள். வெடிச்சத்தம் இல்லை, படம் காட்டுகிற மெஷின் ஓடுகிற சத்தம் மட்டும். பிள்ளைகள் இன்னும் தட்டிக்கொண்டிருந்தார்கள். பெரியவர்கள் ஒருவரும் அசையவில்லை.

அக்கா முன்னால் போய் மகளை இழுத்து இறக்கினாள்.

"ஆமி வந்தா கை தட்டுறியோ?"

கன்னத்தில் ஓர் அடி. பாதர் மெஷினை நிற்பாட்டி லைட்டைப் போட்டு, என்ன நடந்தது என்று என்னைக் கேட்டார். பிள்ளைக்குச் சுகமில்லை என்றேன். வேறு சொல்ல எனக்கு இத்தாலியன் போதவில்லை.

மழைக்குள் பஸ்ஸுக்கு நின்றோம். பிள்ளை விக்கி விக்கிக் கேட்டாள்.

"அவை நல்ல ஆக்கள்தானே அம்மா? அந்த வீட்டுக்காரரைக் காப்பாத்தத்தானே வந்தவை?"

"உன்ரை அப்பாவைக் கொண்டுபோனதும் ஆமிதான்."

"எங்கை கொண்டுபோனவை?"

"தெரியாது."

"எப்ப வருவார்?"

பஸ் வந்தது. அக்கா அவளைத் தூக்கி ஏற்றினாள்.

அடுத்த நாள் அக்கா வேலைக்குப் போய்விட்டாள். பள்ளிக்கூடத்துக்கு நான்தான் கூட்டிப்போனேன். வழியில், "மாமா, அப்பா செத்திட்டாரோ?" என்று கேட்டாள். பள்ளிக்கு நேரமாகுது, கெதியா நட என்றேன். என் கையை விட்டுவிட்டு முன்னால் நடந்தாள்.

பிறகு வந்த ஞாயிறுகளில் அக்கா அவளை மடியில் இருத்திக் கதைக்கப் பார்த்தாள். தமிழில் என்ன கேட்டாலும், பிள்ளை இத்தாலியனில்தான் பதில் சொன்னாள்.